ஆயிஷா பின்த் தல்ஹா: ஒரு கலைக்களஞ்சியப் பதிவை முன்வைத்துச் சில சிந்தனைகள்

லெய்டன் நகரத்துப் பிரில் நிறுவனத்தாரின் இஸ்லாமியக் கலைக்களஞ்சியம் உலகெங்கும் உள்ள பல்கலைக்கழகங்களில் முதல்நிலைக் கருவி நூலாகக் கையாளப்படுவதை நாம் அறிவோம். அதன் இரண்டாம் பதிப்பின் முதல் தொகுதி 1960ஆம் ஆண்டு முழுமை பெற்றது. அத்தொகுதியில் ஆயிஷா பின்த் தல்ஹா (ரஹ்) அவர்களைப் பற்றிச் சிறு பதிவொன்று உள்ளது. எழுதியவர் பிரெஞ்சு அறிஞர் ஷார்ல் பெல்லா (1914–1992). அரபு உரைநடையின் பேராசான் ஜாஹிழ் குறித்த ஆய்வுகளால் புகழ்பெற்றவர். பின்னாளில் அக்கலைக்களஞ்சியத்தின் பதிப்பாசிரியர்களுள் ஒருவராகவும் விளங்கியவர். அவருடைய புலமையில் நமக்கு ஐயமில்லை. எனினும், அவர் தீட்டிய சித்திரம் முழுமையானதுதானா என்று கேட்க வேண்டிய கடமை நமக்கு உண்டு.

கலைக்களஞ்சியப் பதிவு ஒன்றைத் தனியே எடுத்து விமர்சிப்பது வழக்கமில்லை. நூல்களுக்கே மதிப்புரை எழுதப்படுகிறது. ஆனால் நூல்களைப் படிப்போர் தொகை சிறிது. கலைக்களஞ்சியத்தைப் புரட்டுவோர் தொகை பெரிது. முதுகலை மாணவர் ஒருவர் ஒரு பெயரை முதன்முதலாக எதிர்கொள்ளும்போது நாடுவது அதைத்தான். அங்கே கிடைக்கும் முதல் அறிமுகம் பின்னர் அவர் எழுதும் ஆய்வேட்டிலும் கட்டுரையிலும் தங்கிவிடுகிறது. அவரிடம் பயில்வோருக்கும் அதுவே சென்று சேர்கிறது. ஆகவே, ஒரு பதிவில் நேர்ந்த சாய்வு ஒரு நூலில் நேர்ந்த பிழையைக் காட்டிலும் நெடுங்காலம் நின்று நிலவும்.

குடும்பமும் காலமும்

ஆயிஷா பின்த் தல்ஹாவின் தந்தை, சுவர்க்கத்து நன்மாராயம் பெற்ற பதின்மருள் ஒருவரான தல்ஹா இப்னு உபைதில்லாஹ் (ரலி) அவர்கள். தாயார் உம்மு குல்தூம், முதல் கலீஃபா அபூபக்ர் (ரலி) அவர்களின் இளைய மகளார். அபூபக்ர் (ரலி) அவர்கள் ஹிஜ்ரி 13இல் (கி.பி. 634) மறைந்தபோது உம்மு குல்தூம் தாயின் வயிற்றில் இருந்தார். பிறக்கப்போவது பெண்மகவு என்று தாம் எண்ணுவதாகக் கூறி, அம்மகவுக்கும் தம் சொத்தில் பங்கு உண்டென்று அன்னை ஆயிஷா (ரலி) அவர்களிடம் அவர்கள் மரணப் படுக்கையில் சொல்லிச் சென்ற செய்தியை இமாம் மாலிக்கின் முவத்தா பதிவு செய்துள்ளது. அந்த உம்மு குல்தூமின் மகளார்தாம் நாம் பேச எடுத்துக்கொண்ட அம்மையார். அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் இவருக்குப் பெரியம்மா முறை மட்டுமல்லர். பெயரைத் தந்தவர், வளர்த்தவர், ஆசிரியை.

ஹிஜ்ரி 36இல் (கி.பி. 656) நிகழ்ந்த ஜமல் போரில் தந்தை தல்ஹா (ரலி) அவர்கள் கொல்லப்பட்டார்கள். அப்போரில் அவர்கள் நின்ற அணியின் நடுவே அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் இருந்தார்கள். தந்தையை இழந்த சிறுமி, அதே போரின் துயரைச் சுமந்து மதீனா திரும்பிய பெரியம்மாவின் நிழலில் வளர்ந்தார். இந்த வாழ்க்கையைப் புரிந்துகொள்ள இதைவிடச் சிறந்த தொடக்கம் வேறு இருக்க இயலாது.

பெல்லாவின் பதிவும் குடும்பப் பெருமையிலிருந்தே தொடங்குகிறது. ஆனால் உடனே அம்மையாரின் எழிலுக்கும் அந்த எழிலை மறைக்க விரும்பாத அவரது இயல்புக்கும் பெருமிதத்துக்கும் தாவிவிடுகிறது. பின்னர் அவரைப் பாடிய கஸல் கவிஞர்கள் வருகின்றனர். ஹுஸைன் (ரலி) அவர்களின் மகளார் ஸுகைனாவுடன் ஒப்பீடு வருகிறது. மூன்று திருமணங்கள், அவற்றுக்கான மஹர்த் தொகை ஆகியன பேசப்படுகின்றன. இத்துடன் சித்திரம் நிறைவு பெறுகிறது. உயர்குலத்து எழிலரசி ஒருவர் நம் கண்முன் தோன்றுகிறார். ஆறு ஹதீஸ் தொகுப்புகளிலும் இடம்பெற்ற அறிவிப்பாளர் ஒருவர் தோன்றவில்லை.

சான்று மூலங்கள் பற்றி

இச்சாய்வு எங்கிருந்து வந்தது? கீழைத்தேயவியலாரின் பகைமை என்று ஒற்றைச் சொல்லில் விடை கூறி ஒதுங்குவது எளிது. அது நேர்மையன்று. பெல்லா தம் கற்பனையிலிருந்து ஒன்றையும் எழுதவில்லை. அவர் எடுத்தாண்டவை பெரும்பாலும் நம் முன்னோர் எழுதி வைத்தவையே. அவற்றுள் தலையாயது அபுல் ஃபரஜ் அல் இஸ்ஃபஹானியின் (இறப்பு ஹிஜ்ரி 356 / கி.பி. 967) கிதாபுல் அகானி.

அகானி அரபு இலக்கியத்தின் ஈடிணையற்ற கருவூலம். பாடல்களையும் அவை பிறந்த சூழலையும் பாடியோர் வரலாற்றையும் தொகுப்பதே அதன் நோக்கம். அம்மையார் மறைந்து ஏறத்தாழ 240 ஆண்டுகளுக்குப் பின் நூலாசிரியர் மறைகிறார். இடைப்பட்ட காலத்துச் செய்திகளுக்கு அவர் அறிவிப்பாளர் தொடரைக் கொடுக்கத் தவறவில்லை என்பதையும் நாம் சொல்லியாக வேண்டும். எவர் வாயிலாக எச்செய்தி வந்தது என்று அவர் குறிக்கிறார்; ஒரே நிகழ்ச்சிக்கு முரண்பட்ட இரு வடிவங்கள் கிடைத்தால் இரண்டையும் தருகிறார். இசையரங்கில் பேசுவதற்கேற்ற சுவையான செய்தியும் வரலாற்றுச் செய்தியும் அதில் அடுத்தடுத்து நிற்கும். எது எது என்று பிரித்தறியும் பொறுப்பை அவர் படிப்பவரிடம் விட்டுவிட்டார். கலைக்களஞ்சியக் கட்டுரையாளரோ இடச்சுருக்கம் கருதித் தொடரை நீக்கிவிடுகிறார். செய்தியை மட்டும் எடுத்துக்கொள்கிறார். தொடர் நீங்கியதும், 'இவ்வாறு கூறப்படுகிறது' என்பது 'இவ்வாறு நிகழ்ந்தது' ஆகிவிடுகிறது.

மஹர்த் தொகையையே எடுத்துக்கொள்வோம். அம்மையாரின் இரண்டாம் கணவர் இராக்கின் ஆளுநர் முஸ்அப் இப்னு ஸுபைர். அவர் கொடுத்த மஹர் ஐந்து இலட்சம் திர்ஹம் என்று ஓரிடத்தில் உள்ளது. பத்து இலட்சம் திர்ஹம் என்று பிறிதோரிடத்தில் உள்ளது. ஒரு இலட்சம் தீனார் என்றும் காண்கிறோம். இத்தொகைகளுள் பத்து இலட்சம் புகழடைந்ததற்கு ஒரு கவிதை காரணம். படைத்தலைவர்கள் பசியோடு இரவைக் கழிக்கையில் ஒரு பெண்ணின் மஹருக்கு இத்தனை பெருந்தொகையா என்று கலீஃபா அப்துல்லாஹ் இப்னு ஸுபைர் (ரலி) அவர்களிடம் முஸ்அபைக் குறித்து முறையிடும் கவிதை அது. அரசியல் முறையீட்டில் எண்கள் பெருகுவது எக்காலத்துக்கும் இயல்பு. அந்தத் தொகை ஓர் ஆளுநரின் செலவாளித்தனத்தின் மீது வைக்கப்பட்ட குற்றச்சாட்டு. அம்மையாரின் வாழ்க்கைக் குறிப்பில் அது அவரது விலைமதிப்பைப் போல வந்து அமர்ந்துகொள்வது பொருந்துமா?

திருமணங்களின் வரிசையும் அப்படியே. முதல் கணவர் அப்துல்லாஹ், அபூபக்ர் (ரலி) அவர்களின் மகன் அப்துர் ரஹ்மானின் மைந்தர், தாய்மாமன் மகன். இரண்டாமவர் முஸ்அப், தல்ஹாவுடன் ஜமல் களத்துக்குச் சென்று உயிர் துறந்த ஸுபைர் (ரலி) அவர்களின் மகன். ஹிஜ்ரி 72இல் (கி.பி. 691) அப்துல் மலிக்கின் படையுடன் பொருது முஸ்அப் மடிந்தார். மூன்றாமவர் உமர் இப்னு உபைதில்லாஹ், தல்ஹாவின் குலமான பனூ தைமைச் சேர்ந்த படைத்தலைவர். ஸுபைரியரிடம் பணியாற்றிப் பின் உமையா அரசுடன் இணங்கியவர். அவர் ஹிஜ்ரி 82இல் மறைந்தபின் அம்மையார் மறுமணம் செய்துகொள்ளவில்லை. இந்த மூன்று பெயர்களையும் வரிசையாக வைத்துப் பார்த்தால், ஜமலில் தோற்ற குடும்பங்கள் அடுத்த தலைமுறையில் எவ்வாறு ஒன்றையொன்று தாங்கி நின்றன, இரண்டாம் உள்நாட்டுப் போர் முடிந்ததும் எவ்வாறு புதிய அரசுடன் ஒத்துப்போயின என்பது விளங்கும். வரலாற்றாசிரியருக்கு இது அரிய வாய்ப்பு.

மறந்துவிட்ட பக்கம்

இனி, அகானியை மூடிவிட்டு ஹதீஸ் நூல்களைத் திறப்போம்.

பெண்களுக்குரிய சிறந்த ஜிஹாத் ஒப்புக்கொள்ளப்பட்ட ஹஜ்ஜே என்ற நபிமொழியை அறியாதார் நம்மிடையே இல்லை. ஸஹீஹுல் புகாரியில் அது அன்னை ஆயிஷா (ரலி) அவர்களிடமிருந்து ஆயிஷா பின்த் தல்ஹா வாயிலாகவே வருகிறது. நபி (ஸல்) அவர்களின் துணைவியருள் நீண்ட கையுடையவரே முதலில் அவர்களைச் சென்று சேர்வார் என்ற முன்னறிவிப்பை ஸஹீஹ் முஸ்லிமில் அறிவிப்பவரும் இவரே. வீட்டில் உண்ண ஏதும் இல்லை என்று அறிந்ததும் நபி (ஸல்) அவர்கள் உபரி நோன்பு நோற்ற செய்தியும் இவர் வழியே முஸ்லிமில் இடம்பெறுகிறது. பேச்சிலும் நடையிலும் ஃபாத்திமா (ரலி) அவர்களைப் போல நபி (ஸல்) அவர்களை ஒத்தவரைத் தாம் கண்டதில்லை என்று அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் கூறியதை அபூதாவூதிலும் திர்மிதியிலும் நமக்குத் தருபவரும் இவரே. இக்கடைசிச் செய்தியின் எடையை எண்ணிப் பார்க்க வேண்டும். ஜமல் களத்தில் தந்தையை இழந்த மகள், நபிக் குடும்பத்தின் மாண்பை எடுத்துச் சொல்லும் ஹதீஸைப் பேணி அடுத்த தலைமுறையிடம் ஒப்படைக்கிறார்.

ஹதீஸ் திறனாய்வாளர் யஹ்யா இப்னு மயீன் (இறப்பு ஹிஜ்ரி 233) இவரை நம்பகமானவர், சான்றாகக் கொள்ளத்தக்கவர் என்று மதிப்பிட்டார். அபூஸுர்ஆ அத்திமிஷ்கீ, இவரது சிறப்பையும் பண்பட்ட கல்வியையும் கருதியே மக்கள் இவரிடமிருந்து அறிவித்தனர் என்ற கருத்தைத் தெரிவித்தார். மிஸ்ஸீயும் தஹபீயும் இப்னு ஹஜரும் தம் நூல்களில் இவருக்கு இடமளித்தனர்.

இவரிடமிருந்து அறிவித்தோர் பட்டியலில் நம் கவனத்தை ஈர்க்கும் செய்தி ஒன்று உண்டு. சகோதரர் மகன்களான தல்ஹா இப்னு யஹ்யா, முஆவியா இப்னு இஸ்ஹாக். மற்றும் ஹபீப் இப்னு அபீ அம்ரா, மின்ஹால் இப்னு அம்ர், ஃபுளைல் இப்னு அம்ர் ஆகிய இவர்கள் எல்லாரும் கூஃபாவுடன் தொடர்புடையவர்கள். மதீனாவில் அன்னையாரின் இல்லத்தில் பெற்ற கல்வி இராக்கை அடைந்த வழிகளுள் இவரும் ஒருவர் என்பது இதனால் தெளிவாகிறது. முஸ்அபுடன் இவர் வாழ்ந்த ஆண்டுகளுக்கும் இதற்கும் தொடர்பு இருக்கலாம் என்று கருத இடமுண்டு. மஹர்த் தொகையை மட்டும் நினைவுபடுத்தும் அத்திருமணம், கல்வி பரவிய வரலாற்றிலும் ஓர் இணைப்பாக அமைந்திருக்கக்கூடும்.

இமாம் புகாரியின் அல் அதபுல் முஃப்ரத் நூலில், பெண்களுக்குக் கடிதம் எழுதுவதும் அவர்கள் மறுமொழி தருவதும் பற்றிய தலைப்பில் ஒரு செய்தி உள்ளது. சொல்பவர் ஆயிஷா பின்த் தல்ஹா. தாம் அன்னையாரின் பராமரிப்பில் இருந்த காலத்தில் எல்லா ஊர்களிலிருந்தும் மக்கள் வந்ததையும், அன்னையாரிடம் தமக்கிருந்த நெருக்கத்தை அறிந்து முதியவர்கள் தம்மை நாடி வந்ததையும், இளையோர் தம்மைச் சகோதரியாகக் கருதி அன்பளிப்புகளும் கடிதங்களும் அனுப்பியதையும் அவர் நினைவுகூர்கிறார். இன்னாருடைய கடிதமும் அன்பளிப்பும் வந்துள்ளன என்று பெரியம்மாவிடம் சொல்வார். மறுமொழி எழுது, அன்பளிப்புக்கு ஈடாக நீயும் கொடு, உன்னிடம் ஏதும் இல்லையேல் நான் தருகிறேன் என்று அன்னையார் சொல்வார்களாம். அவ்வாறே கொடுக்கவும் செய்வார்களாம்.

முதல் நூற்றாண்டு மதீனாவின் கல்விச் சூழலை இதைவிடத் தெளிவாகக் காட்டும் செய்திகள் மிகச் சிலவே. எழுதத் தெரிந்த இளம்பெண். ஊர் ஊராக வரும் மடல்கள். மறுமொழி தராதிருப்பது பண்பாகாது என்று கற்பிக்கும் ஆசிரியை. எழுதப் படிக்கப் பெண்களுக்குக் கற்பிக்கலாமா என்று நம் ஊர்களில் ஒரு காலத்தில் நடந்த விவாதங்களை நினைத்துப் பார்க்கிறோம். அவ்விவாதங்களில் இச்செய்தி ஒருமுறையேனும் எடுத்து வைக்கப்பட்டிருந்தால் எத்தனை சிறுமியரின் கல்வி தடைபடாது இருந்திருக்கும்!

ஒரே நிகழ்ச்சி, இரு பார்வைகள்

இவரது இல்லற வாழ்க்கையும்கூட ஹதீஸ், ஃபிக்ஹு நூல்களில் வேறு முகத்துடன் தோன்றுகிறது. முவத்தாவின் நோன்பு அத்தியாயத்தில் ஒரு காட்சி. அன்னையாரின் முன்னிலையில் அம்மையார் இருக்கும்போது முதல் கணவர் அப்துல்லாஹ் நோன்புடன் உள்ளே வருகிறார். மனைவியை நெருங்கி முத்தமிட்டு விளையாட உனக்கு என்ன தடை என்று அன்னையார் வினவுகிறார்கள். நோன்பாளியாக இருக்கும்போதா என்று அவர் வியக்க, ஆம் என்கிறார்கள். நோன்பின்போது மனைவியை முத்தமிடுதல் பற்றிய சட்ட ஆய்வில் இது எடுத்தாளப்படும் சான்று. இதைக் கூறியவர் அம்மையாரே. கேட்டு அறிவித்த அபுந் நள்ர், அவருடைய மூன்றாம் கணவர் உமர் இப்னு உபைதில்லாஹ்வின் விடுதலை பெற்ற ஊழியர். தம் அந்தரங்க வாழ்வின் ஒரு கணத்தைச் சமுதாயத்துக்கான சட்டச் சான்றாக நாணமின்றி, ஆனால் கண்ணியத்துடன் அவர் வழங்கிவிட்டார்.

மற்றொன்று. முஸ்அப் பெண் கேட்டபோது, அவரை மணந்தால் அவர் என் தந்தையின் முதுகைப் போன்றவர் என்று அம்மையார் கூறிவிட்டார். பின்னர் அவரை மணக்க மனம் இசைந்தபோது, தாம் கூறிய சொல்லுக்குப் பரிகாரம் என்ன என்று மதீனாவின் சட்ட அறிஞர்களிடம் கேட்டு, ஓர் அடிமையை விடுதலை செய்தார். ளிஹார் என்பது கணவன் கூறும் சொல். மனைவியோ மணப்பெண்ணோ கூறினால் சட்டம் என்ன? இப்னு குதாமாவின் அல் முக்னீ இவ்வினாவை ஆராயும்போது இந்நிகழ்ச்சியை எடுத்து வைக்கிறது. சுவைக் கதையாக மட்டும் படித்தால் இது செருக்கு மிக்க ஒரு பெண்ணின் வாய்த்துடுக்கு. சட்ட நூலில் படித்தால், தாம் கூறிய சொல்லின் பொறுப்பை உணர்ந்து தாமே அறிஞர்களை நாடிச் சென்ற ஒருவரின் வரலாறு. அவர் எழுப்பிய வினா ஒரு சட்டப் பிரிவுக்கே வழிவகுத்தது.

நம் தரப்புக் குறை

இத்துணையும் கூறியபின் நம்மையும் நாம் நோக்க வேண்டும். ஆயிஷா பின்த் தல்ஹாவின் எழிலையும் செல்வத்தையும் பற்றிய செய்திகளை மறைத்துவிட்டு, அவரைத் தஸ்பீஹும் தொழுகை விரிப்பும் மட்டும் உடைய ஒருவராகத் தீட்டிக் காட்டுவது மறுமொழி ஆகாது. இமாம் தஹபீ (இறப்பு ஹிஜ்ரி 748) அவ்வாறு செய்யவில்லை. அம்மையார் தம் காலத்துப் பெண்களுள் மிக்க எழிலுடையவர் என்பதையும், மஹரையும், திருமணங்களையும் அவர் எழுதுகிறார். அதே குறிப்பில் அவருடைய ஆசிரியை யார், மாணவர் யார், நம்பகத் தகுதி என்ன என்பதையும் எழுதுகிறார். இரண்டும் ஒரே மனிதருக்கு உரியவை என்பதில் அவருக்கு எந்தச் சங்கடமும் இருந்ததாகத் தெரியவில்லை.

அகானியை முற்றாகத் தள்ளிவிடுவதும் தவறு. உமையா கலீஃபா ஹிஷாமின் அவையில் அரபுகளின் வரலாறு, கவிதை, விண்மீன்கள் ஆகியவற்றில் அம்மையார் உரையாடியதாகவும், விண்மீன் அறிவு எங்கிருந்து வந்தது என்று வியந்த கலீஃபாவிடம் அதைத் தம் பெரியம்மா ஆயிஷா (ரலி) அவர்களிடம் கற்றதாக விடையளித்ததாகவும் செய்தி தரும் மரபும் அந்த இலக்கிய மரபே. கல்விக்கு ஆதாரம் அங்கும் உண்டு. தேடுபவர் கண்ணைப் பொறுத்தது அது.

இச்சாய்வால் விளையும் தீங்கு இரு திசைகளில் பாய்கிறது. முதல் நூற்றாண்டு முஸ்லிம் பெண் திரையின்றி வாழ்ந்த சுதந்திரப் பெண் என்று காட்ட விழைவோர் அவரது முகத்திரை பற்றிய ஒரு கதையை மட்டும் பிடித்துக்கொள்கின்றனர். பெண்ணுக்குப் பொதுவாழ்வு ஆகாது என்போர் அக்கதையைக் காட்டியே, அவரைப் பற்றிப் பேசாமலிருப்பதே நன்று என்கின்றனர். இரு தரப்பாரும் ஒரே பாதியைப் படித்திருக்கின்றனர். நம் மதரஸாக்களில் ஸஹீஹுல் புகாரியின் ஹஜ் அத்தியாயம் ஆண்டுதோறும் ஓதப்படுகிறது. அதில் வரும் 'ஆயிஷா பின்த் தல்ஹா' என்ற பெயரின் மீது எத்தனை ஆசிரியர்கள் ஒரு கணம் நின்று, இவர் யார் என்று மாணவருக்குச் சொல்லியிருப்பார்கள்?

நிலை மாறிவருகிறது என்பதையும் குறிப்பிட வேண்டும். முஹம்மத் அக்ரம் நத்வீ ஹதீஸ் கலையில் பெண்களின் பங்கைத் தொகுத்து 2007இல் வெளியிட்ட முன்னுரை நூலும், 2021இல் 43 தொகுதிகளாக வெளிவந்த அவரது அரபுப் பெருநூலும், அஸ்மா ஸயீத் 2013இல் வெளியிட்ட ஆய்வும் இத்துறையில் புதிய வாயில்களைத் திறந்துள்ளன. துருக்கியர் 44 தொகுதிகளில் தம் மொழியில் ஓர் இஸ்லாமியக் கலைக்களஞ்சியத்தை 2013இல் நிறைவு செய்துவிட்டனர். லாகூர்ப் பல்கலைக்கழகத்தார் லெய்டன் பதிப்பை அடியொற்றி, திருத்தியும் பெருக்கியும் உருதுவில் தந்தனர். தமிழில் எம்.ஆர்.எம். அப்துற் றஹீம் ஏறக்குறையத் தனி ஒருவராக இப்பணியைத் தோளில் சுமந்தார். அவர் விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டியவர்கள் நாம்.

அவ்வாறு தொடரும்போது ஆயிஷா பின்த் தல்ஹா பற்றிய தமிழ்ப் பதிவு எப்படி அமைய வேண்டும்? தல்ஹாவின் மகளார், அபூபக்ரின் பேத்தி, அன்னை ஆயிஷாவின் மாணவி என்று அது தொடங்கட்டும். ஆறு தொகுப்புகளிலும் அவருடைய அறிவிப்புகள் உள்ளன என்பது இரண்டாம் வரியில் வரட்டும். கடிதங்கள், கூஃபாவின் மாணவர்கள், முவத்தாவின் காட்சி, முக்னீயின் வினா ஆகியன தொடரட்டும். எழிலும் மஹரும் கவிஞர்களும் அவற்றுக்குரிய இடத்தில், எவர் கூறினார் என்ற குறிப்புடன் வரட்டும். ஒரு பக்கத்துக்கு மேல் தேவைப்படாது. அந்த ஒரு பக்கத்தைப் படித்துவிட்டு, தன் பெயரும் ஆயிஷாதான் என்று எண்ணி மகிழும் சிறுமி ஒருத்தி, யாருக்கேனும் ஒரு கடிதம் எழுத உட்காருவாளாயின், அன்னையார் இட்ட பணி இன்னும் நடந்துவருகிறது என்று நாம் கொள்ளலாம்.